ஆறப் பொறுத்தல்

“ஆக்கப் பொறுத்தவனுக்கு ஆறப் பொறுக்கவில்லை” என்பது நம் ஊர்ப் பழமொழி. அவசரக்காரனைக் கேலி செய்வதற்காகச் சொல்வது. சிறு வயதில் அடுப்பங்கரையில் தட்டோடு நின்றபோது அம்மாவின் வாயால் இதை நாம் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். ஆயினும், சூடு தணிவதற்கும் துயரம் தணிவதற்கும் தமிழில் ‘ஆறுதல்’ என்னும் ஒரே சொல் அமைந்திருப்பதை நாம் நின்று எண்ணிப் பார்த்ததில்லை. குருமடத்தில் மெய்யியலும் இறையியலும் கற்ற ஆண்டுகளிலும் அது நம் கருத்தில் படவில்லை. அதை நமக்குக் கற்பித்தவர் தமிழில் ஒரு சொல்லும் அறியாத ஓர் அமெரிக்கப் பண்ணைவீட்டு அம்மையார். கற்பித்த இடம் அவருடைய சமையலறை. பாடப்பொருளோ, பன்றி இறைச்சித் துண்டுகளையும் உருளைக்கிழங்கையும் பாலோடு சேர்த்து ஓவனில் வேகவைக்கும் ஓர் எளிய குடும்ப உணவு.

2009-ஆம் ஆண்டில் நம் ஆயர் அவர்களின் அனுமதியோடு நாம் அமெரிக்காவின் அயோவா மாநிலத்திற்குப் பணியாற்றச் சென்றோம். குருக்கள் குறைந்துபோன அந்நாட்டு மறைமாவட்டங்கள் பலவற்றில் இந்தியக் குருக்கள் பணிபுரிந்து வருவதை வாசகர்கள் அறிவார்கள். நமக்குக் கிடைத்தது மாநிலத்தின் கிழக்கே, மிசிசிப்பி ஆற்றிலிருந்து ஒரு மணி நேரப் பயணத் தொலைவில் இருந்த ஒரு சிற்றூர்ப் பங்கு. கண்ணுக்கு எட்டிய தூரம் மக்காச்சோள வயல்கள். வயல்களுக்கு நடுவே நீண்டு தாழ்ந்த பன்றிக் கொட்டகைகள். பன்றி வளர்ப்பில் அந்நாட்டின் முதல் மாநிலம் அது. ஏறத்தாழ 30 இலட்சம் மக்கள் வாழும் அங்கே பன்றிகளின் எண்ணிக்கை அதைப் போல் ஆறு மடங்குக்கும் மேல்.

நாம் பிறந்த வீட்டிலோ பன்றி இறைச்சி வாசற்படி தாண்டியதில்லை. மீனும் கோழியும் உண்டு. பெருநாள்களில் ஆட்டிறைச்சி உண்டு. சாக்கடையோரம் திரியும் பன்றிகளைக் கண்டு வளர்ந்தவர் நம் தாயார். அதைச் சமைப்பார்கள் என்று சொன்னாலே முகத்தைச் சுளிப்பார். யோப்பா நகரில், தோல் பதனிடும் சீமோனுடைய வீட்டு மேல்தளத்தில் பேதுரு கண்ட காட்சியைப் பற்றிக் குருமடத் தேர்வில் நாம் நான்கு பக்கங்கள் எழுதினோம். கடவுள் தூய்மையாக்கியதை மனிதன் தீட்டென்று கருதலாகாது என்பதைக் கிரேக்கச் சொற்களோடு விளக்கி நல்ல மதிப்பெண்ணும் பெற்றோம். நாம் தேர்ச்சி பெற்றோமே தவிர, நம் நாக்கு தேர்ச்சி பெறவில்லை. அயோவாவில் முதல் இரண்டு குளிர்காலங்களில் பங்கு மக்கள் விருந்துக்கு அழைத்தபோதெல்லாம் நம் தட்டுக்கு மட்டும் கோழி வந்தது. ஏன் என்று ஒருவரும் கேட்கவில்லை.

2011 பிப்ரவரி 1, செவ்வாய்க்கிழமை. காலை ஒன்பதரை மணிக்கு அண்ணன் தொலைபேசியில் அழைத்தார். ஊரில் அப்போது இரவு ஒன்பது. “தம்பி, அம்மா போயிட்டாங்க” என்றார். அதற்குமேல் அவரால் பேச இயலவில்லை.

அன்றுதான் அந்தப் பெரும் பனிப்புயல் அப்பகுதியைச் சூழ்ந்தது. சிகாகோவில் இருபது அங்குலத்துக்கு மேல் பனி கொட்டிற்று. நாம் விமானம் ஏற வேண்டிய ஓஹேர் நிலையத்தில் ஆயிரக்கணக்கான விமானப் பயணங்கள் இரத்தாயின. நம் ஊர்ச் சாலையே மாலைக்குள் மறைந்துவிட்டது. இன்னும் ஒரு நாள் காத்திருக்கலாமா என்று அண்ணன் கேட்டார். காத்திருக்க வேண்டாம் என்று நாமே சொன்னோம். மறுநாள் மாலை நான்கு மணிக்கு அடக்கம் என்று முடிவாயிற்று. அயோவாவில் அது விடியற்காலை நான்கரை மணி. அந்நேரத்தில் நாம் பங்கு இல்லத்துச் சிற்றாலயத்தில் ஒற்றை மெழுகுதிரியை ஏற்றி வைத்து, வெளியே காற்று ஊளையிட, தனியே திருப்பலி நிறைவேற்றினோம். அன்று, பிப்ரவரி 2, ஆண்டவரைக் கோவிலில் காணிக்கையாக அர்ப்பணித்த திருநாள். தாயொருத்தி மகனைக் கையில் ஏந்திச் சென்ற நாளில், நம் தாயாரைச் சுமந்து செல்ல நம் தோள் அங்கே இல்லை. கண்ணீர் வரவில்லை. வாசகங்களை ஒரு பிழையுமின்றி வாசித்தோம்.

பிற்பகலில் வாசலில் இரைச்சல் கேட்டது. கதவைத் திறந்தால், முன்புற வாளியால் பனியை ஒதுக்கித் தள்ளியபடி ஒரு டிராக்டர் வந்து நின்றது. ஓட்டிவந்தவர் எழுபது வயதைக் கடந்த நம் பங்கு விவசாயி. அருகில் அவருடைய மனைவி, மடியில் துண்டு சுற்றிய ஒரு கண்ணாடிப் பாத்திரத்துடன். நான்கு மைல் தொலைவு அப்படியே வந்திருக்கிறார்கள். பங்கு அலுவலகப் பெண்மணியின் வாயிலாகச் செய்தி அவர்களுக்கு எட்டியிருந்தது. அம்மையார் பாத்திரத்தை மேசைமேல் வைத்தார். “இன்னும் கொதிக்கிறது, ஃபாதர். பத்து நிமிடம் அப்படியே இருக்கட்டும், பிறகு சாப்பிடுங்கள்” என்றார். அவர் கணவர் தொப்பியைக் கழற்றி நம் கையைப் பற்றினார். இருவரும் வேறொன்றும் சொல்லாமல் சென்றுவிட்டார்கள்.

மூடியைத் திறந்தோம். மெல்லிய உருளைக்கிழங்கு வில்லைகள் வெள்ளைப் பாற்குழம்பில் அடுக்கடுக்காய் வெந்திருந்தன. மேலே பழுப்பேறிய பன்றி இறைச்சித் துண்டுகள். மிளகாய் இல்லை, மஞ்சள் இல்லை, புளி இல்லை. சன்னலுக்கு வெளியேயும் வெள்ளை, தட்டிலும் வெள்ளை. அன்று நமக்கு வேண்டியிருந்தது அம்மாவின் கையால் ஒரு வாய்க் கஞ்சியும் தேங்காய்த் துவையலும். வந்திருப்பதோ அம்மா தம் வீட்டுக்குள் விடாத ஒன்று. இரண்டு வாய் உண்டோம். மீதியைக் குளிர்பெட்டியில் வைத்தோம். மூன்று நாள் கழித்து அதைக் குப்பையில் கொட்டினோம்.

பாத்திரத்தைக் கழுவியபோது அடியில் காகித நாடா ஒன்று ஒட்டப்பட்டு, அதில் அக்குடும்பத்தின் பெயர் எழுதியிருந்ததைக் கண்டோம். அயலார் பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பிக் கொடுக்கலாகாது என்பது நம் வீடுகளின் வழக்கம். நான்கு வாழைக்காயாவது, ஒரு பிடி சர்க்கரையாவது இட்டுத்தான் கொடுப்போம். நாமோ ஞாயிறு திருப்பலிக்குப் பின் வெறும் பாத்திரத்தை அவர் கையில் கொடுத்து, “மிகவும் சுவையாக இருந்தது” என்றோம். வாசக அன்பர்களே, உண்மையே பேச வேண்டும் என்று சற்று முன்னர் மறையுரையில் முழங்கிய அதே வாயால் சொன்னோம்.

பொய்க்கு உரிய தண்டனை உடனே கிட்டியது. அன்றிலிருந்து ஒவ்வொரு மாதமும் முதல் புதனன்று அந்தப் பாத்திரம் நம் வாசலுக்கு வந்தது. தவக்காலத் திருநீற்றுப் புதனன்றும் சுத்தபோசன நாள்களிலும் வந்ததில்லை. அதில் அம்மையார் நம்மைவிடக் கவனமுள்ளவர். இரண்டாம் முறை மிளகுத்தூளைக் கொட்டிப் பாதி உண்டோம். மூன்றாம் முறை எலுமிச்சை ஊறுகாயின் துணையோடு முழுவதையும் முடித்தோம். ஆறாம் முறை வந்தபோது நாம் அன்று காலை முதலே பசியோடு காத்திருந்ததை உணர்ந்து வியந்தோம்.

மனம் உறுத்தியதால் அக்டோபர் மாதத்தில் அவர் வீட்டுக்கே சென்று உண்மையைச் சொன்னோம். முதல் பாத்திரம் குப்பைக்குப் போனது என்றோம். அவர் கோபிப்பார் என எதிர்பார்த்தோம். அவரோ வாய்விட்டுச் சிரித்தார். “முதல் பாத்திரம் எல்லா வீட்டிலும் குப்பைக்குத்தான் போகும், ஃபாதர். இழவு வீட்டில் யாருக்குப் பசிக்கும்? பாத்திரத்தைத் திருப்பித் தர நீங்கள் எங்களிடம் வந்தாக வேண்டுமே, அதற்காகத்தான் பெயரெழுதிக் கொடுக்கிறோம்” என்றார். ஆறுதல் மொழி கூறுவதைத் தொழிலாகக் கொண்ட நாம் அன்று பதில் மொழியின்றி அமர்ந்திருந்தோம்.

செய்முறையைக் கற்றுத் தருமாறு கேட்டோம். ஸ்காலப்டு பொட்டேட்டோஸ் என்று அவர்கள் வழங்கும் இந்த உருளைக்கிழங்குப் பக்குவம் புதியதன்று. 1896-இல் ஃபேன்னி ஃபார்மர் பாஸ்டன் நகரில் வெளியிட்ட புகழ்பெற்ற சமையல் நூலிலேயே இடம்பெற்றுள்ளது. அம்மையாரின் முறை இது. மாவுச்சத்து மிகுந்த ரஸ்ஸெட் கிழங்குகள் ஆறேழை, மூன்று மில்லிமீட்டருக்கு மிகாத கனத்தில் வில்லைகளாக அரிய வேண்டும். மூன்று மேசைக்கரண்டி வெண்ணெயை உருக்கி, அதே அளவு மைதா மாவை அதில் வாசனை வர வறுத்து, மூன்று கோப்பைச் சூடான பாலைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கிளற வேண்டும். மாவு கலந்தால்தான் நெடுநேர வெப்பத்தில் பால் திரிந்துபோகாமல் தாங்கும். நெய் தடவிய கண்ணாடிப் பாத்திரத்தில் கிழங்கு, வெங்காயம், உப்பு, மிளகு, பாற்குழம்பு என்று மாறி மாறி அடுக்க வேண்டும். ஒரு விரற்கடைக் கனமுள்ள இறைச்சித் துண்டுகளை இரும்பு வாணலியில் இருபுறமும் சிவக்க வாட்டி, அடுக்கின்மேல் பரப்ப வேண்டும். 350 பாரன்ஹீட் வெப்பத்தில், அலுமினியத் தாளால் மூடி ஒரு மணி நேரம். தாளை நீக்கி அரை மணி நேரம். இறைச்சியின் கொழுப்பு சொட்டுச் சொட்டாக இறங்கிக் கிழங்குக்குச் சுவையூட்டும். 1934 முதல் கடைகளில் கிடைக்கும் டப்பாக் காளான் சூப்பை ஊற்றி வேலையைச் சுருக்குவோர் அங்கே பலர். அவர் அதைக் குறை சொன்னதில்லை; தாம் செய்ததுமில்லை.

எந்தத் துண்டை வாங்குவது என்பதில் மட்டும் அவர் விட்டுக்கொடுக்க மாட்டார். முதுகுப் பகுதித் துண்டு பார்வைக்கு அழகானது. ஆனால் கொழுப்புக் குறைவு, ஒன்றரை மணி நேரத்தில் நார் நாராக உலர்ந்துவிடும். தோள் பகுதித் துண்டில் கொழுப்பும் சவ்வும் ஊடுருவியிருக்கும். பொறுத்து வேகவைத்தால் அந்தச் சவ்வே கரைந்து இறைச்சியை மென்மையாக்கும். அந்த ஆண்டு மே மாதம் அமெரிக்க வேளாண்மைத் துறை, பன்றி இறைச்சித் துண்டுகள் 160 பாரன்ஹீட் வரை வேகத் தேவையில்லை, 145 போதும், ஆனால் இறக்கியபின் மூன்று நிமிடம் ஆற விட வேண்டும் என்று அறிவித்திருந்தது. அவர் மகள் அச்செய்தியைச் சொல்லி வெப்பமானி ஒன்றையும் வாங்கித் தந்திருந்தாள். “தீங்கு வராமலிருக்க 145 போதும். தோள்பகுதி மெத்தென்றாக அது போதாது. ஆனால் ஆற விட வேண்டும் என்பதை இப்போதாவது கண்டுபிடித்தார்களே!” என்று அம்மையார் நகைத்தார்.

அந்தப் பாத்திரம் பதின்மூன்று அங்குல நீளமும் ஒன்பது அங்குல அகலமும் கொண்டது. இருவர் மட்டும் உள்ள வீட்டில் இவ்வளவு பெரியது எதற்கு என்று ஒருமுறை கேட்டோம். அவர் சற்று நேரம் பேசவில்லை. பின்பு சொன்னார்: மகனும் மகளும் வீட்டிலிருந்த காலத்தில் வாங்கியது. 1998 டிசம்பரில் பன்றியின் விலை வரலாறு காணாத வகையில் வீழ்ந்தது. ஒரு பவுண்டு எடைக்குப் பத்து சென்ட் கூடக் கிடைக்காத நாள்கள் இருந்தன. வளர்த்த செலவில் பாதிகூடத் தேறவில்லை. அடுத்த மாதமே கணவர் பன்றிகள் அனைத்தையும் விற்றுவிட்டார். அவர் மட்டுமல்லர், 1982-இல் அயோவாவில் ஏறத்தாழ 49,000 பண்ணைகள் பன்றி வளர்த்தன, 2012-இல் அந்த எண்ணிக்கை 6,300-ஐ எட்டவில்லை. பன்றிகள் குறையவில்லை, வளர்த்த குடும்பங்கள்தாம் குறைந்தன. தந்தைக்குப் பின் பண்ணையை நடத்தக் காத்திருந்த மகன், தன்னை ஒரு வார்த்தை கேட்கவில்லையே என்ற கசப்போடு டி மாயின் நகருக்கு வேலைக்குப் போய்விட்டான். மகள் மினசோட்டாவில் குடியேறினாள். “பாத்திரத்தைச் சின்னதாக்க எனக்கு மனம் வரவில்லை, ஃபாதர். மீந்ததை யாருக்காவது கொடுக்கத் தொடங்கினேன்” என்றார். அந்த மேசையில் காலியாகிப்போன ஓர் இருக்கையின் பங்கைத்தான் மாதந்தோறும் நாம் உண்டு வந்தோம் என்பது அப்போது விளங்கியது.

2013 நவம்பரில் அந்த விவசாயி இறந்தார். அடக்கத் திருப்பலியை நாமே நிறைவேற்றினோம். பங்கு மண்டபத்தில் பெண்கள் உப்பிட்ட பன்றித்தொடையும் இதே உருளைக்கிழங்குமாக நூறு பேருக்கு உணவு படைத்தார்கள். பிள்ளைகள் ஊர் திரும்பினார்கள். டிசம்பரில் முதல் புதன் வந்தது, பாத்திரம் வரவில்லை. ஜனவரியிலும் வரவில்லை. சென்று பார்த்தோம். அடுப்பு குளிர்ந்து கிடந்தது. கழுவுதொட்டியில் ஒரே ஒரு கிண்ணமும் கரண்டியும். “ஒரு ஆளுக்கு இதை எப்படிச் செய்வது, ஃபாதர்?” என்றார். அவர் உடல் இளைத்திருந்தது.

நம்மிடம் தயாராக இருந்த ஆறுதல் மொழிகள் பல. அவற்றை விழுங்கிவிட்டு, “வரும் ஞாயிறன்று நாம் வந்து சமைக்கிறோம். பிள்ளைகளைக் கூப்பிடுங்கள்” என்றோம். மறுநாள் திங்கள் மார்ட்டின் லூத்தர் கிங் நினைவு விடுமுறை. மகன் மனைவியோடும் இரு குழந்தைகளோடும் வந்தான். மகளும் வந்தாள். 2014 ஜனவரி 19, திருப்பலி முடிந்து பன்னிரண்டரை மணிக்குப் பாத்திரத்தை ஓவனில் வைத்தோம். இரண்டு மணிக்கு எல்லாரும் மேசையைச் சுற்றி அமர்ந்தார்கள். அம்மையார் ஒரு கத்தியை நடுவே செருகிப் பார்த்தார். ‘நறுக்’கென்று ஓசை கேட்டது.

இறைச்சி வெந்திருந்தது, கிழங்கு வேகவில்லை. வில்லைகளைத் தடிமனாக அரிந்துவிட்டோம். பாலைச் சூடாக்க மறந்து குளிர்ந்தபடி ஊற்றிவிட்டோம். போதாததற்கு நான்கு முறை ஓவனைத் திறந்து எட்டிப் பார்த்து வெப்பத்தை வெளியேற்றியிருந்தோம். அம்மையார் தாளைப் போட்டு மூடினார். “இன்னும் முக்கால் மணி நேரம்” என்று தீர்ப்பளித்தார்.

அந்த முக்கால் மணி நேரத்தைத்தான் நாம் இங்கே எழுத விழைந்தோம். உண்பதற்கு ஒன்றுமில்லை, எழுந்து போகவும் வழியில்லை. வெறும் தட்டுகளின் முன் ஏழு பேர். முதலில் பேசியவன் மகன். பன்றிகளை ஏற்றிப்போக லாரி வந்த நாளைப் பற்றி, பதினைந்து ஆண்டுகளாக அவ்வீட்டில் பேசாத ஒன்றைப் பேசினான். அப்பாவுக்கு மனமே இல்லை என்றுதான் இதுவரை நினைத்திருந்ததாகச் சொன்னான். தாய் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு மெல்லச் சொன்னார்: “மறுநாள் விடிகாலையில் அவர் வழக்கம்போல் எழுந்து போய்க் காலித் தொட்டியில் தீவனத்தைக் கொட்டிவிட்டு நின்றார். நான்தான் கையைப் பிடித்து அழைத்து வந்தேன். உன்னிடம் சொல்லக் கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டார்.” மகன் எழுந்து சன்னலோரம் போய் நின்றான். வெகுநேரம் திரும்பவில்லை. ஒருவரும் அவனைக் கூப்பிடவுமில்லை.

ஏழு வயதுப் பேத்தி நம்மைப் பார்த்து, “உங்கள் அம்மா என்ன சமைப்பார்?” என்று கேட்டாள். கஞ்சியைப் பற்றிச் சொல்லத் தொடங்கினோம். சொல்லிக்கொண்டே போனவர்கள், எப்படியோ அந்தப் பனிநாளின் விடியற்காலை நான்கரை மணிக்கு வந்து சேர்ந்தோம். மூன்று ஆண்டுகளாக வராத கண்ணீர், வேகாத உருளைக்கிழங்கின் முன்னே வந்தது. அம்மையார் நம் கைமேல் தம் கையை வைத்தார், வேறொன்றும் செய்யவில்லை.

பிறகு பாத்திரம் வெளியே வந்தது. கொதித்துக்கொண்டிருந்ததால் பத்து நிமிடம் வைத்திருந்தார்கள். நாம் நம் ஊர்ப் பழமொழியைச் சொல்லி, எங்கள் மொழியில் உணவின் சூடு தணிவதற்கும் மனத்தின் துயர் தணிவதற்கும் ஒரே சொல்தான் என்றும் விளக்கினோம். “அப்படியானால் உங்கள் மக்களுக்குச் சமைக்கத் தெரிந்திருக்கிறது” என்றார் அம்மையார். மிளகு கூடிவிட்டது, இறைச்சியின் ஓரம் சற்றுக் கருகியிருந்தது. அவர் இரண்டாம் முறை கேட்டு வாங்கி உண்டார். மகன், தந்தையின் நாற்காலியில் அமர்ந்து உண்டான்.

சாவை வேண்டிச் சூரைச் செடியின் அடியில் படுத்துவிட்ட இறைவாக்கினர் எலியாவிடம் வானதூதர் முதலில் நீட்டியது அறிவுரையன்று. தணலில் சுட்ட அப்பமும் ஒரு குவளைத் தண்ணீருமே. எலியா உண்டுவிட்டு மீண்டும் உறங்கினார். தூதர் கடிந்துகொள்ளவில்லை, இரண்டாம் முறையும் வந்து உண்ணச் சொன்னார். அப்பகுதியை நாம் பலமுறை விளக்கியிருக்கிறோம். அந்த இரண்டாம் வருகையின் பொருள் நமக்கு விளங்கியது அயோவாவில்தான். துயருற்றோரிடம் நாம் பெரும்பாலும் ஒருமுறை செல்கிறோம். நல்ல சொற்களைச் சொல்லிவிட்டு, கடமை முடிந்ததென்று திரும்பிவிடுகிறோம். ஆக்குவதற்குப் பொறுமை காட்டும் நாம் ஆறுவதற்குப் பொறுமை காட்டுவதில்லை.

2014 ஜூனில் நாம் தாயகம் திரும்பினோம். விடைபெறச் சென்றபோது அம்மையார் அந்தக் கண்ணாடிப் பாத்திரத்தை நம் கையில் கொடுத்தார். வாங்க மறுத்தோம். “இதைத் திருப்பிக் கொடுக்க வருவீர்கள் அல்லவா?” என்றார். வெறுமையாகத் தரக் கூடாது என்று நாம் முன்பு சொல்லியிருந்ததை நினைவில் வைத்து, அதற்குள் ஆறு உருளைக்கிழங்குகளை இட்டிருந்தார். கிழங்குகளை விமானத்தில் ஏற்ற வழியில்லாததால் பங்கு இல்லத்திலேயே வேகவைத்து உண்டுவிட்டுப் புறப்பட்டோம்.

நம் இப்போதைய பங்கு இல்லத்தில் ஓவன் இல்லை. பன்றி இறைச்சி விரும்புவோரும் இங்கே சிலரே. ஆயினும் பங்கில் யார் வீட்டிலேனும் சாவு நேர்ந்தால், அடக்கம் முடிந்த நான்காம் நாளோ ஐந்தாம் நாளோ, உறவினர் கலைந்து வீடு வெறிச்சோடும் வேளையில், சமையற்கார அம்மா ஆக்கிய கஞ்சியையோ எலுமிச்சைச் சோற்றையோ அந்தப் பாத்திரத்தில் இட்டு எடுத்துச் செல்கிறோம். “சாமி, உங்க கண்ணாடிச் சட்டியை நாளைக்குக் கொண்டாந்து தர்றோம்” என்பார்கள். அவசரமில்லை, ஆறட்டும் என்று சொல்லிவிட்டு வருகிறோம். அடியில் ஒட்டிய காகித நாடா பாதி கிழிந்துவிட்டது. எழுத்துகளும் மங்கிவிட்டன. அதன்மேல் நம் பெயரை எழுதி ஒட்ட இன்னும் மனம் வரவில்லை.